சென்சார் ஸ்கிரிப்ட் எழுதி எழுதிக் கற்றது

உதவி இயக்குநராகச் சேர வழி தெரியாமல் நிற்கும் தம்பி தங்கைகளுக்காக இதை எழுதுகிறேன். நான் படித்தது பி.காம். சாலிகிராமத்தில் இரண்டு வருடம் கம்பெனி கம்பெனியாக ஏறி இறங்கிய பிறகு கிடைத்தது, சென்சார் ஸ்கிரிப்ட் எழுதும் வேலை.

தணிக்கைக்குப் படம் போகும்போது அதை முழுக்க எழுத்திலும் கொடுக்க வேண்டும். எடிட் முடிந்த படத்தை ஓடவிட்டு, நிறுத்தி, ஷாட் ஷாட்டாக எழுதுவோம். குளோஸப்பா மிட் ஷாட்டா, யார் என்ன செய்கிறார், என்ன பேசுகிறார், பாட்டு வரி உட்பட எல்லாம். விரல் மரத்துப் போகும். ஆனால் நான் எழுதக் கற்றது அங்கேதான்.

ஒரு படத்தில் அப்பாவும் மகளும் சண்டை போடும் காட்சி. படப்பிடிப்புக்காக எழுதிய சீன் பேப்பரில் நாலு பக்கம். செருப்பைக் கழற்றுவது, "சாப்பிட்டியா?", தண்ணீர்ச் செம்பு, அப்புறம்தான் சண்டை. நான் எழுதி முடித்தபோது ஒன்றரைப் பக்கம்கூட வரவில்லை. மகள் தட்டைத் தள்ளுவதில் தொடங்கி, அப்பா வாய் திறக்கும் இடத்தில் காட்சி முடிந்திருந்தது. எடிட்டரிடம் கேட்டேன். "அவர் முகத்துலயே தெரியுது தம்பி, அப்புறம் எதுக்கு வசனம்?" என்றார். அன்று இரவே என் கதையை எடுத்து, ஒவ்வொரு காட்சியிலும் முதல் பத்து வரியை அடித்துப் பார்த்தேன். பாதிக்கு மேற்பட்ட காட்சிகள் அந்த வரிகள் இல்லாமலேயே அசையாமல் நின்றன.

ஜப்பானியத் திரைப்பட இயக்குநர் அகிரா குரோசாவா முதலில் ஓவியராக இருந்து, பத்திரிகை விளம்பரம் பார்த்து விண்ணப்பித்து உதவி இயக்குநரானவர். இயக்குநராக வேண்டுமானால் முதலில் திரைக்கதை எழுது என்று சொன்ன அவருடைய குரு யமமோட்டோ கஜிரோ, எடிட்டிங்கிலும் அவரை உட்கார வைத்தார். இரண்டும் ஒரே பாடம்தான் என்று நான் நம்புகிறேன்.

இப்படிப் படம் பார்த்து எழுதும் பயிற்சியை வீட்டிலேயே தொடங்கலாம். பலமுறை பார்த்த படமாக எடுங்கள், கதை உங்களை இழுத்துக்கொண்டு போகாது. முதல் 20 நிமிடம் போதும். சத்தத்தை நிறுத்திவிட்டுச் செயலை மட்டும் எழுதுங்கள், வசனத்தை இரண்டாவது சுற்றில் சேருங்கள். எனக்கு நாலு நாள் ஆனது. நோட்டில் வலப்பக்கம் மட்டும் எழுதி, இடப்பக்கத்தைக் காலியாக விடுங்கள். காட்சி ஏன் அந்த இடத்தில் முடிகிறது என்பது பிடிபடும்போது எழுத அந்த இடம் வேண்டும்.