திட்டையில் ஒரு நாழிகை

திட்டைக்கு இதற்கு முன் மூன்று முறை போயிருக்கிறேன். மூன்றும் குருவுக்காக. வியாழக்கிழமை, மஞ்சள் துணி, கொண்டைக்கடலை மாலை, நீண்ட வரிசை, அப்புறம் மூலவரை எட்டிப் பார்த்துவிட்டு பஸ்ஸைப் பிடிக்க ஓட்டம். கருவறையில் சுவாமியின் மேல் நாழிகைக்கு ஒரு சொட்டு நீர் விழும் என்று கேள்விப்பட்டதோடு சரி, நின்று பார்த்ததில்லை. அம்மாவிடம் இதைச் சொன்னபோது அவள் முகமே மாறிவிட்டது. "அவ்வளவு தூரம் போய் அதைப் பார்க்காம வந்தியா? கிளம்பு, நானும் வரேன்" என்றாள்.

கூட்டம் இருக்கக் கூடாது என்பதற்காகவே செவ்வாய்க்கிழமையாகப் பார்த்துக் கிளம்பினோம். தஞ்சாவூரிலிருந்து மெலட்டூர் போகும் சாலையில் சுமார் பத்து கிலோமீட்டர். இருபுறமும் வயல். தென்குடித்திட்டை என்பது முழுப் பெயர். ஊழிவெள்ளம் உலகை மூழ்கடித்தபோது மூழ்காமல் திட்டாக நின்ற இடங்களில் இதுவும் ஒன்று என்கிறது தலபுராணம். வசிஷ்டர் பூசித்ததால் சுவாமி வசிஷ்டேஸ்வரர். சம்பந்தர் பாடிய தலம். கொடிமரம்கூட இங்கே கருங்கல்லில்தான் நிற்கிறது. அம்மா அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

சொட்டு விழும் காரணத்தைப் பெரியவர்கள் இப்படிச் சொல்வார்கள். தட்சனின் இருபத்தேழு மகள்களை மணந்த சந்திரன் ரோகிணியிடம் மட்டும் அன்பாக இருந்தான். மாமனார் சாபத்தால் நாளுக்கு நாள் தேய்ந்தான். ஒரே ஒரு கலை மிச்சமிருந்தபோது சிவபெருமானிடம் அடைக்கலம் புகுந்தான். அவர் அவனை எடுத்துத் தன் தலையிலேயே வைத்துக்கொண்டார். அந்த நன்றிக்குத்தான் ஒரு நாழிகைக்கு, அதாவது 24 நிமிடத்துக்கு ஒரு முறை, ஒரு சொட்டு நீரால் அபிஷேகம் செய்கிறான். நாளுக்கு அறுபது நாழிகை, அறுபது சொட்டு. விமானத்தின் உச்சியில் சூரியகாந்தக் கல்லும் சந்திரகாந்தக் கல்லும் வைத்திருக்கிறார்கள், சந்திரகாந்தம் காற்றின் ஈரத்தை இழுத்துச் சொட்டாக்குகிறது என்பார்கள்.

சந்திரகாந்தம் என்று நகைக்கடையில் கேட்டால் பால்நிறத்தில் ஒரு கல்லை எடுத்து வைப்பார்கள். காங்கயம் பக்கத்து மண்ணிலும் கிடைக்கிறது. ஃபெல்ஸ்பார் வகை. உள்ளே மெல்லிய அடுக்குகளில் வெளிச்சம் சிதறுவதால் நிலா மிதப்பது போல ஒரு நீலப் பளபளப்பு. அழகான கல்தான், ஆனால் நிலவில் வைத்தால் கசியாது. நம் பழங்கவிகள் பாடிய சந்திரகாந்தம் வேறு. நிலவொளி பட்டதும் உருகி நீர் விடும் கல் அது. அப்படியொரு கல்லை எந்தக் கடையிலும் வாங்க முடியாது. திட்டையில் அது சுவாமியின் தலைக்கு மேல் இருக்கிறது என்று நான் நம்புகிறேன்.

கருவறை முன்னால் எங்களைத் தவிர நாலைந்து பேர். "இப்பத்தான் ஒண்ணு விழுந்தது. உக்காருங்கோ, பார்த்துட்டே போகலாம்" என்றார் குருக்கள். அம்மா தூணில் சாய்ந்து உட்கார்ந்து உதடு மட்டும் அசைய பஞ்சாட்சரம் சொல்ல ஆரம்பித்தாள். எண்ணெய் வாசனை, வில்வ வாசனை. வெளியே வெயில் கொளுத்தினாலும் உள்ளே கல்தரை காலுக்குச் சில்லென்றிருந்தது. வியாழக்கிழமைகளில் ஒரு நிமிடம்கூட நிற்க முடியாத இடத்தில் இப்படி உட்கார்ந்திருப்பதே எனக்குப் பெரிய பாக்கியமாக இருந்தது.

கொஞ்ச நேரம் கழித்து குருக்கள் தீபத்தை உயர்த்திப் பிடித்து, "மேலே பாருங்கோ" என்றார். இருட்டில் முதலில் ஒன்றும் தெரியவில்லை. அப்புறம் கடுகளவு ஒரு மினுக்கல் தெரிந்தது. அது மெல்ல மெல்லத் திரண்டது. தீபச் சுடர் அதற்குள் தலைகீழாக நின்றது. விழுந்துவிடும் போல நீண்டது, விழவில்லை. எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தோம். சட்டென்று மேலே இருந்த ஒளி காணாமல் போய், லிங்கத்தின் உச்சியில் மின்னியது. சத்தமே இல்லை. பாணத்தின் வழியாக ஒரு கோடு இறங்கியது. அம்மா "அப்பா, வசிஷ்டேசா" என்று கையைத் தலைக்கு மேல் தூக்கினாள். எனக்குக் கண் நிறைந்துவிட்டது. கடிகாரம் பார்க்கத் தோன்றவேயில்லை.

அம்பாள் உலகநாயகி சன்னதிக்கு முன்னால் மேல்தளத்தில் பன்னிரண்டு ராசிகளும் செதுக்கியிருக்கிறார்கள். அவரவர் ராசிக்குக் கீழே நின்று வேண்டிக்கொள்வது வழக்கம். அம்மாவுக்குக் கடகம், சந்திரனின் சொந்த வீடு. அதைத் தேடி நின்று வெகுநேரம் கண்ணை மூடியிருந்தாள். என்ன வேண்டிக்கொண்டாள் என்று நான் கேட்கவில்லை. சுவாமிக்கும் அம்பாளுக்கும் நடுவே நின்ற கோலத்தில் இருக்கும் குருவையும் வணங்கிவிட்டு வெளியே வந்தோம்.

பஸ் வரக் கொஞ்சம் நேரமாகும் என்றார்கள். கோயிலுக்கு எதிரே சக்கர தீர்த்தக் கரையில் உட்கார்ந்து, கொண்டுவந்த தயிர்சாதத்தைப் பிரித்தோம். இரண்டு வாய் சாப்பிட்டிருப்பாள். கையை அப்படியே நிறுத்தி, கோபுரத்தைத் திரும்பிப் பார்த்துச் சொன்னாள்:

"இந்நேரம் அடுத்த சொட்டு விழுந்திருக்கும்டா."