சனூரில் இறங்கி, விக்கி பாமின் நாவலைத் தேடி

பாலியிலிருந்து திரும்பி மூன்று நாள்களே ஆகின்றன. முதல் இரவில் வண்டிக்குக் கொடுத்த காசை நினைத்தால் இன்னும் மனம் ஆறவில்லை. விமான நிலையத்தில் 2 லட்சம் ரூபியா என்று பேசி ஏற்றிக்கொண்ட ஓட்டுநர், சனூர் என்ற கடலோர ஊரில் விடுதி வாசலுக்கு வந்ததும் பெட்டிகளை இறக்க மறுத்து, இரவு நேரம் என்றும் சுமை அதிகம் என்றும் காரணம் சொல்லி 3.5 லட்சம் கேட்டார். நம் பணத்தில் ஏறக்குறைய 1,900 ரூபாய். வந்திறங்கியவுடனேயே விசாவுக்கு 5 லட்சமும் சுற்றுலா வரியாக 1.5 லட்சமும் கட்டியிருந்த எனக்கு, ஒரு நாள் சாப்பாட்டுச் செலவு அந்த வாசலிலேயே கரைந்தது. பாலிக்குப் போகிறவர்கள் கைப்பேசிச் செயலியில் வரும் தொகையை முதலில் பார்த்துவிட்டுப் பிறகு பேரம் பேசுங்கள்.

என் பயணத்துக்குக் காரணம் கடலோ கோயில்களோ அல்ல, பாலியைக் களமாகக் கொண்டு விக்கி பாம் எழுதிய ஒரு நாவல். விக்கி பாம் 1888இல் வியன்னாவில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தவர். யாழ் போன்ற ஹார்ப் என்னும் பெரிய நரம்பிசைக் கருவியை முறையாகக் கற்று, இசைக்குழுக்களில் வாசித்து, பிறகு எழுத்துக்கு வந்தவர். பெர்லின் விடுதி ஒன்றின் சில நாள்களைச் சொல்லும் அவருடைய 1929ஆம் ஆண்டு நாவல், மேடையேறி, 'கிராண்ட் ஹோட்டல்' என்ற ஹாலிவுட் படமாகி, சிறந்த படத்துக்கான ஆஸ்கர் விருதையும் பெற்றது. அவரும் அமெரிக்காவில் குடியேறி ஹாலிவுட்டில் திரைக்கதைகள் எழுதினார். ஜெர்மனியில் நாஜிகள் அவருடைய நூல்களைத் தடை செய்தார்கள். இவ்வளவையும் ஓரிரு பத்திகளில் சொல்லிமுடிக்கும் வாழ்க்கைக் குறிப்புகள், 1937இல் வெளிவந்த பாலி நாவலை ஒரு வரியில் கடந்துபோவது எனக்குப் பெரும் குறையாகவே படுகிறது. விடுதி நாவலைவிட இதுவே அவருடைய சிறந்த படைப்பு என்பது என் உறுதியான எண்ணம்.

சனூர் கடற்கரையில் விடிகாலையில் நின்றால் சற்றுத் தொலைவில் பவளப்பாறையின் மீது அலை உடைவது வெள்ளைக் கோடாகத் தெரிகிறது. 1904 மே மாதத்தில் 'ஸ்ரீ குமலா' என்ற சிறிய வணிகக் கப்பல் இந்தக் கரையோரம் தரைதட்டியது. அதன் சரக்கைக் கரையோர மக்கள் கொள்ளையடித்தார்கள் என்று கப்பலின் சீன உரிமையாளர் டச்சுக் காலனி அரசிடம் முறையிட்டார், டச்சு அரசு தென்பாலியின் படுங் நாட்டு மன்னரிடம் இழப்பீடு கேட்டது, மன்னர் மறுத்தார். நாவல் பற்றிக்கொள்ளும் பொறி இதுதான். ஆனால், பாம் கதையை அரண்மனையில் தொடங்காமல், பாக் என்ற ஏழை உழவனின் வயலில் தொடங்குகிறார். நீர்ப்பங்கீடும் அறுவடையும் குடும்பப் பிணக்குகளும் கோயில் கடமைகளுமாகப் பக்கங்கள் நகர்கின்றன. அரசியல் அவனுடைய வரப்புக்கு எப்போது வந்து சேர்ந்தது என்பதே வாசகருக்குத் தெரிவதில்லை. முன்னுரையில், ஒரு டச்சு மருத்துவர் விட்டுச்சென்ற தாள்களிலிருந்து உருவான நூல் என்று அவர் கட்டும் ஏற்பாடு மட்டும் தேவையற்றது.

அன்று காலை, கரையோரக் கடை ஒன்றில் பொரித்த மீனும், புளிப்பும் காரமுமான மீன் சாறும், சுடுசோறும், அம்மியில் அரைத்த சம்பாலும் உண்டேன். 60,000 ரூபியா, அதாவது சுமார் 330 ரூபாய். தட்டைவிட நீளமான அந்த மீனின் மேல்தோல் முறுகலாகவும் உள்ளே சதை பாலாடை போலவும் இருந்தது. முதல் இரவின் கசப்பு பாதி அங்கேயே இறங்கிவிட்டது. மறுநாளும் அங்கேயே போனேன்.

உபுட் நகரத்துக்குப் போகும் சாலையைப் பற்றி நல்ல சொல் ஒன்றும் சொல்ல முடியாது. கடைசி மூன்று கிலோமீட்டரைக் கடக்க ஒரு மணி நேரம் ஆனது. நகர முனையில், இரண்டு ஆறுகள் கூடும் சம்புஹான் சரிவில்தான் ஜெர்மானிய ஓவியர் வால்டர் ஸ்பீஸின் வீடு இருந்தது. 1935இல் பாலிக்கு வந்த பாம், அவருடைய விருந்தினராகத் தங்கினார்; தீவின் பழக்கங்களையும் வரலாற்றையும் அறிய ஸ்பீஸ் பெரிதும் துணைசெய்தார். அந்த இடம் இப்போது ஒரு விடுதி. அங்கே தங்க என் கைக்காசு இடம் கொடுக்கவில்லை. எதிர்ப்பக்கச் சரிவில் நின்று, மரங்களுக்கிடையே தெரிந்த கூரைகளை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். ஸ்பீஸ் 1942இல், டச்சுக்காரர்களின் கைதியாகக் கொண்டு செல்லப்பட்ட கப்பல் ஜப்பானியக் குண்டுவீச்சில் மூழ்கியபோது இறந்தார்.

மறுநாள் மாலை சனூரிலிருந்து பாலியின் தலைநகரான டென்பசாருக்குச் செயலி வழியே இருசக்கர வண்டியில் போனேன், 18,000 ரூபியாதான். 1906 செப்டம்பரில் சனூரில் இறங்கிய டச்சுப் படையும் இந்தத் திசையில்தான் நடந்தது. செப்டம்பர் 20 அன்று, படுங் மன்னர் தம் குடும்பத்தாரோடும் குடிகளோடும், எரியூட்டும் சடங்குக்குரிய வெள்ளை ஆடை உடுத்தி, குறுவாள் ஏந்தி, அரண்மனையிலிருந்து ஊர்வலமாக வெளியே வந்து துப்பாக்கிகளுக்கு நேராக நடந்தார். பெண்கள் தங்கள் நகைகளையும் பொற்காசுகளையும் படைவீரர்கள்மீது வீசினார்கள். சுடப்பட்டவர்களும் தம்மைத் தாமே குத்திக்கொண்டவர்களுமாக நூற்றுக்கணக்கானோர் மாண்டார்கள். ஆயிரத்தைத் தாண்டியதாகச் சொல்லும் மதிப்பீடுகளும் உண்டு. இதைப் பாலி மக்கள் புபுதான் என்கிறார்கள். 'முடிவு' என்ற பொருளுள்ள சொல்லிலிருந்து பிறந்த பெயர் அது. இந்த முடிவைச் சொல்லும் நாவலை, ஜெர்மனியில் பதிப்பிக்க வழியில்லாமல், நாடிழந்த ஜெர்மன் எழுத்தாளர்களை வெளியிட்ட க்வேரிடோ பதிப்பகம் ஆம்ஸ்டர்டாமில், அதாவது அந்தப் படையை அனுப்பிய நாட்டிலேயே வெளியிட்டது என்பதை அறிந்தபோது எனக்கு உடல் சிலிர்த்தது.

அந்த இடம் இப்போது புல்வெளித் திடல். நடுவே நினைவுச்சிலை, ஆண், பெண், பிள்ளைகள், கையில் ஆயுதங்கள், பெண்ணின் ஒரு கையில் நகைகள். ஒரு சிறுவன் பட்டத்தோடு சிலையைச் சுற்றி ஓடிக்கொண்டிருக்க, அவனுடைய பாட்டி புல்லில் அமர்ந்து அவித்த நிலக்கடலையை உரித்துக்கொண்டிருந்தார். பையிலிருந்து நாவலை எடுத்து, ஊர்வலம் புறப்படும் அத்தியாயத்தை அங்கேயே உட்கார்ந்து மீண்டும் படித்தேன். எழுத்துத் தெரியாத அளவுக்கு இருட்டியபோதும் இரண்டு பக்கங்கள் மீதம் இருந்தன. திடலின் விளக்குக் கம்பத்தடிக்கு நகர்ந்துபோய் அவற்றையும் படித்து முடித்தேன்.