ஏர் ஃபில்டர் மாத்த மெக்கானிக் எதுக்குங்க?

இன்னிக்கு வண்டி இன்ஜினுக்குப் போற காத்தை வடிகட்டுற ஏர் ஃபில்டரை நானே மாத்திட்டேன், பானெட்டைத் திறந்தா ஒரு கறுப்பு டப்பா, சுத்தி கிளிப்பு, அவ்ளோதான் வேலை. பழசை வெயிலுக்கு நேரா தூக்கிப் புடிச்சா மடிப்புக்குள்ள ஒரு பொட்டு வெளிச்சம் வரல, அடியில ஈசல் றெக்கை, வேப்பஞ்சருகு எல்லாம் குடித்தனம் நடத்துது 😄 நெறைய பெட்ரோல் வண்டிக்கு மேனுவல்ல 40,000 கிமீக்கு ஒருதடவை மாத்தணும்னு போட்டிருப்பான், ஆனா ரோடு வேலை நடக்குற புழுதியில தினமும் ஓடுற வண்டிக்கு அந்தக் கணக்கெல்லாம் செல்லாது.

1 கிலோ பெட்ரோல் எரிய கிட்டத்தட்ட 14.7 கிலோ காத்து வேணும், அத்தனையும் இந்தப் பேப்பர் வழியாத்தான் போகணும். அதுக்காக மாத்துனதும் மைலேஜ் எகிறிடும்னு எல்லாம் நம்பாதீங்க, அது கார்புரேட்டர் (காத்தையும் பெட்ரோலையும் கலக்குற பழைய பாகம்) காலத்துக் கதை, இன்ஜெக்‌ஷன் (கம்ப்யூட்டர் பெட்ரோலை அளந்து பீச்சுற) வண்டில காத்து குறைஞ்சா கம்ப்யூட்டரே பெட்ரோலையும் குறைச்சிடும், அடி வாங்குறது பிக்கப்தான்.

வாங்குறப்ப மாடல், வருஷம், பெட்ரோலா டீசலான்னு சொல்லி வாங்குங்க. ஓரத்து ரப்பர் டப்பால கச்சிதமா உக்காரணும், இல்லன்னா தூசி நேரா இன்ஜினுக்குள்ளதான். பழசைச் சுத்தம் பண்றேன்னு கம்ப்ரஸர் காத்தை கிட்ட வச்சு அடிச்சா பேப்பர் கிழியும். அப்புறம் ஏசி ஃபில்டர் வேற, அது பெரும்பாலும் டேஷ்போர்டு டிராயருக்குப் பின்னாடி இருக்கும், சர்வீஸ் பில்லுல ரெண்டையும் தனித்தனியா பாத்துக்கோங்க.