கெட்டில் படத்தில் இல்லாதது

"அப்பா, கெட்டில் மூடி ஆடினதைப் பார்த்துதான் ஜேம்ஸ் வாட் நீராவி இயந்திரம் கண்டுபிடிச்சாராமே?"

சாயங்காலம் மகள் புத்தகத்தை நீட்டினாள். ஒரு சிறுவன், ஒரு கெட்டில், ஆவிக்கு இரண்டு வளைந்த கோடுகள்.

படத்தில் ஒரு கரித்துண்டுகூட இல்லை.

வாட் பிறந்தது 1736. அதற்கு 24 வருடம் முன்பே, 1712-இல், இங்கிலாந்தின் டட்லி பக்கம் நிலக்கரிச் சுரங்கத்தில் ஊறிய தண்ணீரை இறைக்க நியூகோமன் என்பவர் நீராவி இயந்திரத்தை ஓட்டிவிட்டார். அது கரியை அப்படித் தின்றது. விலைபோகாத கரித்தூள் குவிந்து கிடக்கும் சுரங்க வாசலில்தான் அதற்குக் கட்டுப்படியானது. வாட் அந்தத் தீனியைக் குறைத்தார். இயந்திரம் ஊருக்குள் வந்தது.

ஆக, கரி எடுக்க இயந்திரம், இயந்திரத்துக்குக் கரி.

சரி, வெட்டியது யார்? 1920 வாக்கில் பிரிட்டன் சுரங்கங்களில் 10 லட்சம் பேருக்கு மேல். அவர்கள் கை நின்றால் ரயிலும் ஆலையும் நிற்கும். அந்தப் பயத்தில்தான் அவர்கள் பேச்சு அரசாங்கத்தின் காதில் விழுந்தது.

1984-இல் சுரங்கத் தொழிலாளர்கள் மறுபடி வேலையை நிறுத்தினார்கள். ஒரு வருடம். இந்த முறை மின்நிலையங்களில் அரசு முன்கூட்டியே கரியைக் குவித்து வைத்திருந்தது. விளக்கு அணையவில்லை. தொழிலாளர்கள் தோற்றுத் திரும்பினார்கள். (எனக்கு இன்னும் ஆறாத கதை இது.)

2024 செப்டம்பர் 30-இல் பிரிட்டனின் கடைசி நிலக்கரி மின்நிலையமும் மூடப்பட்டது.

எல்லாம் பொறுமையாகக் கேட்டவள், "அப்போ பரீட்சையில என்ன எழுத?" என்றாள்.

கெட்டில் என்றே எழுதச் சொல்லிவிட்டேன்.