மாஸ்டர் கேட்ட கேள்வி

எழுபதுகளின் கடைசியில் எங்கள் பள்ளி மண்டபத்தில் இடைக்கிடை விவரணப் படம் ஓடும். இருட்டில் பாதிப் பேர் நித்திரை. படம் முடிந்ததும் குடியியல் மாஸ்டர் எழும்பி, “இதில கதைச்சது ஆர்? கதைக்க விடாதது ஆரை?” என்பார். அணைக்கட்டுப் படமென்றால் அமைச்சர் கதைத்திருப்பார், பொறியியலாளர் கதைத்திருப்பார், பின்னணிக் குரல் ஓயாமல் கதைத்திருக்கும். மண் சுமந்த பெண்கள் சும்மா நடந்து போவார்கள், அவ்வளவுதான்.

கதைக்காதவர்களைக் கதைக்க விட்ட படங்களைக் கனடா வந்த பிறகுதான் பார்த்தேன். எடுத்தவர் பம்பாய்க்காரர் ஆனந்த் பட்வர்தன். மொன்றியல் மக்கில் பல்கலைக்கழகத்தில் படித்தவர். பிரிட்டிஷ் கொலம்பியாப் பண்ணைகளில் வேலை செய்த இந்திய, சீனக் குடியேறிகள் 1980இல் சங்கம் அமைத்ததை ஜிம் மன்றோவுடன் சேர்ந்து படமாக்கினார். பூச்சிமருந்துக்கும் குறைகூலிக்கும் எதிராகத் தொழிலாளர்களே பேசுகிறார்கள்.

1985இல் வந்த ‘பம்பாய் எங்கள் நகரம்’ குடிசை இடிப்பைப் பற்றியது. அதில் ஒரு பெண் படமெடுப்பவர்களையே ஏசுகிறாள். எங்களைப் படம்பிடித்துப் பேர் வாங்குவதைத் தவிர வேறென்ன செய்யப்போகிறீர்கள் என்பதுதான் அவள் கேள்வி. வேறொருவராக இருந்தால் வெட்டி எறிந்திருப்பார். பட்வர்தன் அதை வைத்துக்கொண்டார். என்னைக் கேட்டால் அவருடைய முழு வேலையும் அந்த ஒரு முடிவிலேயே தெரிகிறது.

அதே படத்தில் விலாஸ் கோக்ரே என்ற தலித் கவிஞர் பாடுவார். 1997 ஜூலையில் பம்பாயின் ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டிருந்ததை எதிர்த்துத் திரண்டவர்கள்மீது பொலிஸ் சுட்டதில் 10 பேர் செத்தார்கள். சில நாளில் கோக்ரே தூக்குப் போட்டுக்கொண்டார். ஏன் என்று தேடத் தொடங்கிய பட்வர்தன் ‘ஜெய் பீம் காம்ரேட்’டை முடிக்க 14 வருடம் எடுத்தது. 2011இல் வந்த அந்த நீண்ட படத்தில் பாட்டுக்காரர்கள், செத்தவர்களின் உறவினர்கள், குப்பை அள்ளுபவர்கள் எல்லோரும் ஆறுதலாகக் கதைக்கிறார்கள்.

தணிக்கையோடு அவர் பட்ட பாடு தனிக் கதை. அணுகுண்டு பற்றிய படத்துக்கு 21 வெட்டுக் கேட்டார்கள். நீதிமன்றம் போய் வெட்டில்லாமல் வெளியிட்டார்.

சரி, விசயத்துக்கு வருகிறேன். அந்தப் பண்ணைத் தொழிலாளர் படம் 40 நிமிடம்தான். எங்கள் அடுத்த ஒன்றுகூடலில் போடலாமா என்று செயற்குழுவைக் கேட்டிருக்கிறேன். பாட்டுப் போட்டி நேரத்தில் கை வைக்க ஏலாதாம். கதைத்துக்கொண்டிருக்கிறோம்.