தர்பூசணியும் படகு ஊர்வலமும்

ஜப்பானிய இயக்குநர் கென்ஜி மிசோகுச்சி 1939இல் இயக்கிய ‘கடைசிச் சாமந்திப் பூக்களின் கதை’ திரைப்படத்தை நேற்றிரவு மீண்டும் பார்த்தேன். ஜப்பானின் மரபு நாடகமான கபுகியில் புகழ்பெற்ற நடிகரின் வளர்ப்பு மகனான கிகுனோசுகேயின் நடிப்பை எல்லோரும் முகத்துக்கு நேரே புகழ்ந்து, முதுகுக்குப் பின்னால் ஏளனம் செய்கையில், அவனுடைய குழந்தைத் தம்பிக்குப் பாலூட்டும் செவிலியான ஒத்தோகு மட்டுமே அது நன்றாக இல்லை என்று அவனிடம் சொல்கிறாள். கரையோரமாக இருவரும் பேசிக்கொண்டே நடக்கும் அந்த இரவுக் காட்சியில், கேமரா கீழிருந்து அண்ணாந்தபடி, வெட்டே இல்லாமல் அவர்களுடன் நகர்கிறது.

பிறகு அடுக்களையில் அவன் தர்பூசணி வெட்ட, இருவரும் உண்கிறார்கள். நடிகர் குடும்பத்து வாரிசு வேலைக்காரிக்குப் பழம் நறுக்கித் தருவதிலேயே வரம்புமீறல் நிகழ்ந்துவிடுகிறது. குடும்பம் அவளை வேலையிலிருந்து நீக்க, அவனும் வீட்டைத் துறக்கிறான். அடுத்து வரும் வறுமைக் காலம் சற்று நீளம்தான் என்று எனக்குத் தோன்றும்.

அவனுடைய கலை முதிர்ந்ததும் அவள் தானாகவே விலகிக்கொள்கிறாள். தந்தை அவளை மருமகளாக ஏற்கும்போது அவள் மரணப் படுக்கையில் கிடக்கிறாள். ஆனாலும் ஒசாகாவில் நடக்கும் நடிகர்களின் படகு ஊர்வலத்துக்குப் போகச் சொல்லி அவனை அனுப்பிவைக்கிறாள். படகின் முனையில் நின்று இருபுறமும் திரண்ட கூட்டத்தை அவன் வணங்கும்போது, அவளுடைய உயிர் பிரிகிறது.