என் பீட்டின் கரகரப்பும் என் வீட்டின் கரகரப்பும்

தங்கையின் கல்லூரி விழாவுக்கு லேப்டாப்பில் ஒரு பீட், அதாவது ஆடுவதற்கான மின்னணுப் பாட்டு, செய்யக் கிளம்பி நான் பட்ட பாடு இது. கிருஷ்ணகிரியில் லேப்டாப்புக்கு ரேம் வாங்கப் போகிறவர்கள் பழைய ரேமைக் கழற்றிக் கையோடு எடுத்துப் போங்கள். அதன் ஸ்டிக்கரில் 'பிசி3எல்' என்று இருந்தால், அந்த எல் இல்லாத எதையும் வாங்காதீர்கள். "எல் என்பது கம்பெனிக்காரன் போடுகிற அடையாளம் தம்பி, உள்ளே எல்லாம் ஒன்றுதான்" என்று எனக்கு விற்றவர் அடித்துச் சொன்னார். ஒன்றல்ல. எல் போட்டது 1.35 வோல்ட்டில் ஓடும், போடாதது 1.5 வோல்ட் கேட்கும். இரண்டும் ஒரே பள்ளத்தில் கச்சிதமாக உட்கார்ந்து தொலைக்கும் என்பதால் மாட்டும்போது எந்தச் சந்தேகமும் வராது. காவேரிப்பட்டினம் திரும்பி வந்து மாட்டினால் கறுப்புத் திரை, கூடவே பீப் சத்தம். மறுபடி பஸ் ஏறி ரவுண்டானாவில் இறங்கிப் போய்க் கேட்டால், "உங்கள் லேப்டாப்பில் போர்டு போயிருக்கிறது" என்கிறார். பழைய ரேமோடு அவர் கண்முன்னே ஓட்டிக் காட்டினேன். அதற்கும் அசையவில்லை. பில்லின் அடியில் அச்சடித்திருந்த 'விற்ற பொருள் திரும்பப் பெறப்படமாட்டாது' என்ற வரியை விரலால் தொட்டுக் காட்டினார். வாதாடியதில் பணம் வரவில்லை. ஈடாக ஒரு ஹெட்போன் வந்தது.

போதாததற்கு, "இசை சாஃப்ட்வேர்தானே வேண்டும்? முந்நூறு ரூபாய் கொடுங்கள், எல்லாவற்றையும் கிராக் செய்து ஏற்றித் தருகிறேன்" என்றார். யாராவது இப்படிக் கேட்டால் கும்பிடு போட்டுவிட்டு வந்துவிடுங்கள். வைரஸ் வரும் என்பது ஒரு காரணம். இந்த வேலைக்குக் காசு கட்டி வாங்கவேண்டிய மென்பொருள் எதுவுமே தேவையில்லை என்பது இன்னொரு காரணம். 4 ஜிபி ரேமிலேயே எல்லாம் முடிந்தது.

வேலை இதுதான். என் சித்தி மகள் தருமபுரியில் கல்லூரியில் படிக்கிறாள். ஆண்டு விழாவில் அவளுடைய குழு ஆட ஒரு ஹைப்பர்பாப் பீட் வேண்டுமாம். "அண்ணா, சர்க்கரைப் பாகு மாதிரி இனிக்கவேண்டும், ஆனால் காதைக் கிழிக்கவும் வேண்டும்" என்றாள். இதைவிடச் சரியாக அந்த இசையை நான் விளக்கிவிட முடியாது. 2013இல் லண்டனில் இசைத் தயாரிப்பாளர் ஏ.ஜி. குக் தொடங்கிய பிசி மியூசிக் என்ற இசை வெளியீட்டு நிறுவனத்தின் வெளியீடுகளையும், 2021இல் மறைந்த இசைக்கலைஞர் சோஃபியின் ஒலிகளையும் கேட்டவர்களுக்கு அவள் சொன்னது புரியும். பளபளக்கும் சின்த் (மின்னணு வாத்திய ஒலி), எகிறிய சுருதியில் குரல், வேண்டுமென்றே உடைத்து நொறுக்கிய கிக் (தாளத்தின் கனத்த அடி). ஆக, இந்த இசையில் கரகரப்பு ஒரு வாத்தியம். சிக்கல் எங்கே என்றால், நாம் போடாத கரகரப்பும் அழையாத விருந்தாளியாக நுழைந்து இதுவும் இசைதான் என்று உட்கார்ந்துகொள்கிறது. என் நேரமெல்லாம் இந்த இரண்டையும் பிரிப்பதிலேயே போயிற்று.

முதலில் ஒரு பிரபலமான கட்டண மென்பொருளின் சோதனைப் பதிப்பில் தொடங்கினேன். எல்லாக் கருவியும் திறந்திருந்தது, சேமிக்கவும் விட்டது. மறுநாள் திறந்தால், சேமித்த கோப்பைத் திரும்பத் திறக்கப் பணம் கட்டவேண்டும் என்கிறது. சேமிப்பதற்குமுன் அல்லவா இதைச் சொல்லவேண்டும்? அன்றே அதை அழித்துவிட்டு எல்எம்எம்எஸ் என்ற இசை மென்பொருளுக்கு மாறினேன். முழுக்க இலவசம், விண்டோஸிலும் லினக்ஸிலும் ஓடும். மின்வெட்டு உள்ள ஊர்க்காரர்கள் அதன் அமைப்புகளில் தானியங்கிச் சேமிப்பு இயங்குகிறதா என்று முதல் வேலையாகப் பாருங்கள். என் லேப்டாப் பேட்டரி அரை மணி நேரம்கூடத் தாங்காது. ஒருமுறை மின்சாரம் போனதைக் கவனிக்காமல் இருந்து, லேப்டாப் அணைந்தேபோனது. அந்தச் சேமிப்புதான் காப்பாற்றியது.

டெம்போ 160 (நிமிடத்துக்கு 160 அடி), நான்கு கார்டு (சேர்ந்தொலிக்கும் சுரக் கூட்டு), எல்எம்எம்எஸ்ஸிலேயே இருக்கும் கிக்கர் கருவியில் கிக், ட்ரிப்பிள் ஆஸிலேட்டர் கருவியில் ரம்ப அலைகளை லேசாகச் சுருதி விலக்கி லீடு, அதாவது முதன்மை மெட்டு. இதெல்லாம் ஒரு மாலையில் முடிந்தது. கிக் விழும்போதெல்லாம் சின்த் ஒதுங்கவேண்டும் என்பதற்குப் பீக் கன்ட்ரோலர் (ஓர் ஒலியின் அளவைக் கொண்டு இன்னொன்றை ஏற்றி இறக்கும் கருவி) போட்டேன். அதில் 'பேஸ்' குமிழ் மேலே இருக்கவேண்டும், 'அமவுன்ட்' குமிழ் எதிர்த்திசையில் போகவேண்டும். 'மியூட்' எரிந்தால் கிக்கே கேட்காது.

பிறகுதான் கரகரப்பு. சின்த் மூன்றைச் சேர்த்ததும் 'டப் டப்' என்று வெடிக்கத் தொடங்கியது. நான் போட்ட டிஸ்டார்ஷனா (ஒலி உடைப்பா), லேப்டாப் மூச்சு வாங்குகிறதா என்று தெரியவில்லை. இதற்கு ஓர் எளிய சோதனை இருக்கிறது, எந்தக் காணொளியிலும் யாரும் சொல்லவில்லை. பாட்டை ரெண்டர் செய்து, அதாவது கோப்பாக மாற்றி, வெளிவந்த வேவ் கோப்பைத் தனியாகக் கேளுங்கள். கோப்பிலும் வெடித்தால் அது உங்கள் பாட்டில் இருக்கிறது. கோப்பில் சுத்தமாக இருந்து, மென்பொருளில் ஓட்டும்போது மட்டும் வெடித்தால் கணினி திணறுகிறது என்று பொருள். எனக்கு இரண்டாவது. பஃபரை, அதாவது ஒலியைக் கணினி முன்கூட்டிச் சேர்த்துவைக்கும் அளவை, 256இலிருந்து 1024க்கு ஏற்றினேன், நின்றுவிட்டது. 44,100 ஹெர்ட்ஸில் 1024 என்றால் சுமார் 23 மில்லி விநாடி தாமதம். விசைப்பலகையில் நேரடியாக வாசிக்கிறவர்களுக்கு இடிக்கும். மவுஸால் குறிப்புகளை வரைகிற என்னைப் போன்றவர்களுக்குக் கவலையில்லை.

அடுத்தது குரல். எல்எம்எம்எஸ்ஸில் குரல் பதிவு கிடையாது, அதற்கு ஆடாசிட்டி என்ற ஒலிப்பதிவு மென்பொருள். தங்கை வந்து மைக்கைப் பிடித்துப் பாடினால் பின்னால் 'ம்ம்ம்' என்று ஓர் அடித்தொண்டை முனகல். சார்ஜரைப் பிடுங்கினால் நிற்கிறது, சொருகினால் வருகிறது. பிடுங்கியே பாடலாம் என்றால் என் பேட்டரியின் லட்சணத்தை மேலே சொல்லிவிட்டேன். லேப்டாப்பின் உலோக விளிம்பில் புறங்கையை வைத்தால் மெல்லச் 'சுர்' என்றது. அப்போதே விஷயம் தெரிந்துவிட்டது. மூன்று முள் பிளக்தான், சுவரிலும் மூன்று துளைதான், ஆனால் மேலே இருக்கும் பெரிய துளைக்குப் பின்னால் எர்த் கம்பியே இல்லை.

எலக்ட்ரீஷியன் வந்தார். டெஸ்டரை வைத்துப் பார்த்தார், விளக்கு எரிந்தது. "கரண்ட் நன்றாகத்தானே வருகிறது?" என்று கேட்டுவிட்டு வந்த கூலியை வாங்கிக்கொண்டு போய்விட்டார். வருகிற கரண்டைப் பற்றி நான் புகாரே சொல்லவில்லை, எர்த்தைப் பற்றித்தான் சொன்னேன். மாமா வேறொருவரை அழைத்து வந்தார். அவர் துணி துவைக்கும் கல்லுக்குப் பக்கத்தில் குழி தோண்டி, குழாயை இறக்கி, அடுப்புக்கரியும் கல் உப்பும் மாற்றி மாற்றிக் கொட்டினார். "துவைக்கிற தண்ணீர் இந்தப் பக்கம் ஓடட்டும், ஈரம் இருந்தால்தான் எர்த் வேலை செய்யும்" என்று பாட்டியிடம் சொல்லிவிட்டு, கம்பியை இழுத்து இணைத்தார். அன்று மாலை ஆடாசிட்டியில் வெறும் மௌனத்தைப் பதிவு செய்து பார்த்தேன். கோடு நேராகக் கிடந்தது. இவ்வளவு தூரம் வந்ததில் நான் வாய்விட்டுச் சிரித்தது அப்போதுதான். வீட்டில் பதிவு செய்ய நினைக்கிறவர்கள் மைக்குக்குப் பணம் எடுத்து வைப்பதற்குமுன் எர்த் இருக்கிறதா என்று பாருங்கள். பதிவே செய்யாவிட்டாலும் பாருங்கள், அது உயிர் சம்பந்தப்பட்டது.

குரலை எகிறச் செய்ய ஒரு வழி சொல்கிறேன். பாடிய பிறகு சுருதியை மட்டும் தூக்கினால் தகரம் தட்டுகிறது. அதனால் பாட்டின் டெம்போவை 160இலிருந்து 120க்கு இறக்கி, மொத்தப் பாட்டின் சுருதியான மாஸ்டர் பிட்ச்சை 5 அரைச்சுருதி (ஆர்மோனியத்தில் கறுப்பு, வெள்ளை எல்லாம் எண்ணி ஐந்து கட்டை) கீழே தள்ளி ஒரு வழிகாட்டிக் கோப்பை ரெண்டர் செய்தேன். அவள் அதைக் கேட்டு நிதானமாகப் பாடினாள். பதிவை வேகமும் சுருதியும் சேர்ந்து மாறும் வகையில் 1.333 மடங்கு ஓட்டினால் டெம்போ 160க்கு வந்துவிடும், சுருதியும் கிட்டத்தட்ட 5 அரைச்சுருதி ஏறி மூலப் பாட்டோடு பொருந்திவிடும். கணக்கு தானாகவே கூடிவருகிறது. குரலும் பொம்மைக் குரலாகிவிடும், அதுதானே வேண்டும். டெம்போவை மட்டும் மாற்றும் கருவியைத் தொடாதீர்கள், அது சுருதியை அப்படியே விட்டுவிடும்.

ஸ்னேருக்கு, அதாவது கிக்குக்கு இடையில் சுரீரென்று விழும் அடிக்கு, இணையத்தில் கிடைக்கும் சாம்பிள்கள் எல்லாம் ஒரே மாதிரி இருந்தன. எங்கள் ஊர் மயானக் கொள்ளைத் திருவிழாவுக்குப் பெயர்போனது. சிவராத்திரி முடிந்ததும் பம்பைச் சத்தத்தில் தெருவே அதிரும். ஒன்றன்மேல் ஒன்றாகக் கட்டிய அந்த இரட்டைக் கொட்டைவிட நல்ல ஸ்னேர் எங்கே கிடைக்கப்போகிறது? பம்பைக்காரர் ஒருவரைத் தேடிப் போய், இன்னதற்கு என்று சொல்லி, கேட்ட தொகையைக் கொடுத்து வாசிக்கச் சொன்னேன். ஒவ்வோர் அடியாக, இடைவெளி விட்டு, வேண்டும் என்றேன். "அடித்தால் தாளமாக அடிக்கவேண்டும். ஒற்றை அடிக்கா சம்பளம்?" என்று அவர் வெகுநேரம் நம்பவில்லை.

போனில் பதிவு செய்தேன். கிட்டே வைத்தால் மைக் திணறியது. போனில் இருக்கும் இரைச்சல் நீக்கி, பம்பையையே இரைச்சல் என்று முடிவு கட்டி ஒவ்வோர் அடியின் தலையையும் நறுக்கிவிட்டது. அந்த வசதியை அணைத்துவிட்டு, பத்தடி தள்ளி நின்றால் நன்றாக வரும். கூட வந்த நண்பன் தன் போனில் எடுத்ததைச் செய்திச் செயலியில் ஆடியோவாக அனுப்ப, அது சுருங்கி வந்து சேர்ந்தது. ஆவணமாக அனுப்பச் சொல்லுங்கள், அப்படியே வரும். அந்த அடியை ஏழு அரைச்சுருதி ஏற்றி, பிட்கிரஷ்ஷில் கொஞ்சம் நசுக்கி, கிளிப்பரில் தலையைத் தட்டையாக்கினேன். எஃகுத் தட்டு ஒன்று கல்தரையில் விழுந்து தெறிக்கிற ஒலி கிடைத்தது. தங்கைக்குப் பாட்டிலேயே பிடித்த இடம் அதுதான். ஒரு குறிப்பு: உடைப்பதை ஒவ்வொரு கருவியிலும் தனித்தனியாக உடையுங்கள். மொத்தப் பாட்டையும் கடைசியில் சேர்த்து உடைத்தால் கிக் விழும்போது குரலும் சேர்ந்து நொறுங்கும், வார்த்தை புரியாது.

ஒத்திகைக்குத் தருமபுரி போனோம். பாட்டை ஓட்டினால் கிக் இருக்கிறது, பம்பை இருக்கிறது, குரல் இருக்கிறது, லீடைக் காணவில்லை. லேசாகக்கூட இல்லை, அறவே இல்லை. "ஃபைல் கெட்டுப்போயிருக்கிறது" என்றார் சவுண்ட் சர்வீஸ்காரர். ஹெட்போனில் கேட்டால் லீடு கணீரென்று இருக்கிறது. காரணம், ஒரு காணொளி ஆசிரியர் தந்த அறிவுரை: 'லீடு அகலமாக ஒலிக்கவேண்டுமானால் ஒரு பக்கத்தின் அலையைத் தலைகீழாக்குங்கள்.' ஹெட்போனில் அது அகலம்தான். அரங்குகளில் பெரும்பாலும் இடது, வலது இரண்டையும் ஒன்றாகக் கலந்து மோனோவாகத்தான் விடுகிறார்கள். ஒன்றும் அதன் தலைகீழும் கூடினால் பூஜ்யம். இதைச் சொல்லாமல் அந்த மனிதர் 'லைக் செய்யுங்கள்' என்று முடித்திருந்தார். அங்கேயே லேப்டாப்பைத் திறந்து அலையை நிமிர்த்தினேன், லீடு திரும்பியது. வீட்டைவிட்டுக் கிளம்புவதற்குமுன் ஆடாசிட்டியில் பாட்டை மோனோவாக மாற்றி ஒருமுறை கேட்டுவிடுங்கள். ஒரு நிமிட வேலை.

விழா அன்று பென்டிரைவைச் சொருகினால் சவுண்ட் சர்வீஸ்காரரின் மிக்ஸர் படிக்கவில்லை. அது எஃப்ஏடி32 அமைப்பில் இருக்கும் பென்டிரைவைத்தான் ஏற்கும், 32 பிட் ஃப்ளோட் வேவ் கோப்பைத் தொடாது. எம்பி3 ஒன்றும் 16 பிட் வேவ் ஒன்றும் கைவசம் இருந்தால் இந்தப் பதற்றமே இல்லை. ஒருவழியாக ஓடியது. ஐந்து விநாடியில் அவர் நிறுத்திவிட்டார். "பாட்டு கிழிகிறது தம்பி. என் ஸ்பீக்கர் போய்விடும்."

அவர் பயத்தில் நியாயம் இருக்கிறது. தலை தட்டையான அலை சாதாரணப் பாட்டைவிட அதிகச் சக்தியை இடைவிடாமல் தள்ளும், ட்வீட்டர் சூடாகி எரிந்துபோக வாய்ப்புண்டு. ஆனால் கிழிவதுதான் பாட்டு என்று அவருக்கு விளக்க அங்கே நேரம் இல்லை. தங்கையும் தோழிகளும் சலங்கையைவிடச் சத்தமாகப் பற்களைக் கடித்துக்கொண்டு திரைக்குப் பின்னால் நிற்கிறார்கள். ஒலி அளவை மட்டும் 3 டெசிபல் இறக்கி, அதே பாட்டை மறுபடி ரெண்டர் செய்து, கோப்புக்கு 'சரிசெய்த பாட்டு' என்று பெயர் வைத்துக் கொடுத்தேன்.

ஓட்டினார். பம்பை தெறித்தது, கிக் நொறுங்கியது, அரங்கில் விசில் பறந்தது. அவர் மிக்ஸரிலிருந்து கையை எடுத்துவிட்டு என் பக்கம் திரும்பி, "பார்த்தீர்களா தம்பி, இப்போது ஒரு துளிகூடக் கிழியவில்லை" என்றார்.